அகெரோன் படகும் இறந்தவர்களிடம் குறி கேட்ட குன்றும்: போய்வந்தபின் எழுதுவது

ஜெர்மனியில் ஒரு மருத்துவமனையில், இனிக் குணமாகாது என்று தெரிந்தவர்களைக் கடைசி வரை கவனித்துக்கொள்ளும் வார்டில் நர்ஸாக இருக்கிறேன். 11 வருடம் ஆகிறது. அங்கே நாங்கள் அதிகமாகச் செய்யும் வேலை ஊசி போடுவதோ மாத்திரை கொடுப்பதோ இல்லை, வாயை நனைப்பதுதான். விழுங்க முடியாதவர்களுக்குச் சின்னப் பஞ்சுக் குச்சியைத் தண்ணீரில் தோய்த்து, உதட்டிலும் நாக்கிலும் ஒற்றிக்கொண்டே இருப்போம்.

என்னோடு இரவுப் பணி பார்க்கும் தோழி ஒருத்தி கிரேக்கப் பெண். வடமேற்குக் கிரேக்கத்தில் யோவானினா அவள் ஊர். ஒரு நாள் விடியற்காலையில் அப்படிப் பஞ்சால் ஒற்றிக்கொண்டிருந்தபோது சொன்னாள்: "எங்கள் பக்கத்தில் அகெரோன் என்று ஒரு ஆறு ஓடுகிறது. செத்தவர்கள் அதைத் தாண்டித்தான் போகவேண்டும் என்று பழைய காலத்தில் நம்பினார்கள். தாண்டிப் போனவர்களுக்குப் பெரிய கஷ்டமே தாகம்தானாம்."

அந்தச் சொல்லைக் கேட்டதிலிருந்து அந்த ஆற்றைப் பார்த்துவிட வேண்டும் என்றிருந்தது. போன செப்டம்பரில் போனோம். நான், என் கணவர், 13 வயது மகள், திருநெல்வேலியிலிருந்து மூன்று மாதம் எங்களோடு இருக்க வந்திருந்த என் மாமியார். அத்தைக்கு 72 வயது, இடது முழங்கால் தேய்ந்திருக்கிறது. வயதானவர்களோடு போக நினைக்கிறவர்களுக்கும் பயன்படட்டும் என்றுதான் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

கோடைக்காலத்தில் ஜெர்மனியிலிருந்து பிரெவேசாவுக்கு நேரடி விமானம் கிடைக்கிறது. விமான நிலையம் நீர்ச்சந்திக்கு அந்தப் பக்கம் இருப்பதால், காரில் வந்தால் கடலுக்கு அடியில் போகும் சுரங்கப்பாதை வழியாகத்தான் பிரெவேசா ஊருக்குள் வரவேண்டும். 2002-ல் திறந்தது. "தலைக்கு மேல கடலா கெடக்கு?" என்று அத்தை இரண்டு முறை கேட்டார்கள். அங்கிருந்து வடக்கே கடற்கரையை ஒட்டி ஒரு மணி நேரத்துக்குள் அம்மூடியா வந்துவிடும். அங்கே நான்கு இரவு தங்கினோம்.

அம்மூடியா சின்ன ஊர். அகெரோன் ஊரின் ஓரமாகவே வந்து அயோனியக் கடலில் விழுகிறது. ஆற்றங்கரைதான் படகுத்துறை. ஒரு பக்கம் மீன் உணவகங்கள், மறுபக்கம் வரிசையாகக் கட்டிப்போட்ட படகுகள். அந்தக் காலத்தில் இந்த விரிகுடாவை நன்னீர்த் துறை என்று பொருள்படும் பெயரால் அழைத்தார்கள். ஆறுகள் சேர்ந்து வந்து விழுவதால் கடலின் உப்பு குறைந்துபோகிறது என்று பழைய கிரேக்க நிலவியலாளர் ஸ்ட்ராபோ எழுதியிருக்கிறார். முகத்துவாரத்தில் கால் வைத்துப் பார்த்தால் புரியும். மேலே சில்லென்று ஆற்று நீர், அதற்குக் கீழே திடீரென்று வெதுவெதுப்பான கடல் நீர்.

முதலில் படகு. ஆளுக்கு 12 யூரோ கொடுத்தோம், போய்வர ஒரு மணி நேரம். அகலமான படகு, மேலே துணிக்கூரை, இரண்டு பக்கமும் பெஞ்சு. ஏறும் இடத்தில் பிடித்துக்கொள்ளக் கம்பி இல்லை. ஆனால் படகுக்காரர் ஒரு காலைக் கரையிலும் ஒரு காலைப் படகிலும் ஊன்றி நின்று, அத்தையின் இரண்டு கைகளையும் பிடித்து இறக்கினார். அவசரப்படுத்தவே இல்லை. இதற்கே அவருக்கு முழு மதிப்பெண் கொடுப்பேன்.

ஆறு மெதுவாக ஓடுகிறது. நல்ல பச்சை நிறம். இரண்டு கரையிலும் ஆள் உயரத்துக்கு மேல் நாணல், அதற்குப் பின்னால் நீரைத் தொடுகிற மாதிரி சாய்ந்த மரங்கள். விழுந்து கிடந்த மரத்தில் ஆமைகள் வரிசையாக வெயில் காய்ந்தன. மீன்கொத்தி ஒன்று நீலக் கோடு போல முன்னால் பறந்து போனது. கிரேக்க ஓவியங்களில் பார்த்த அதே நாணல் இது என்று எனக்கு அப்போதுதான் உறைத்தது. கி.மு. 5-ஆம் நூற்றாண்டில் ஏதென்ஸில், இறந்தவர்களுக்குப் படைக்க வெள்ளைப் பூச்சுக் கொண்ட ஒடுங்கிய எண்ணெய்க் குடுவைகள் செய்தார்கள். அவற்றில், இறந்தவர்களை ஆறு கடத்தும் படகோட்டி காரோன் வருவான். வேலைக்காரத் தொப்பியும் முரட்டு ஆடையும் போட்டு, கையில் துடுப்புக் கழியோடு நாணல் கரையில் படகை நிறுத்திக் காத்திருப்பான். நியூயார்க்கில் உள்ள ஒரு குடுவையில் அவன் முன்னால் நிற்பது ஒரு சின்னப் பையன். கையில் பொம்மை வண்டி. திரும்பி அம்மாவைப் பார்க்கிறான். காரோன் அதில் அரக்கன் மாதிரி இல்லை, நாள் முழுக்கத் தோணி தள்ளிக் களைத்த ஆள் மாதிரி இருக்கிறான்.

எங்கள் படகில் மைக் பிடித்துக் கதை சொன்னவர் காரோனின் கூலியைச் சொன்னார். இறந்தவரின் வாயில் ஒரு ஓபோல் காசு வைப்பார்கள். ஒரு திராக்மாவில் ஆறில் ஒரு பங்கு, சின்னக் காசு. நான் அதைத் தமிழில் சொன்னதும் அத்தை, "நம்ம நெத்தியில வைக்கிற ஒத்த ரூவா மாதிரியாம்மா?" என்றார்கள். ஆமாம் என்றேன். மாமா இறந்த அன்று அவர் நெற்றியில் அந்தக் காசைச் சந்தனம் தொட்டு வைத்தது அத்தையின் தம்பி. அப்புறம் வெகுநேரம் அத்தை ஆற்றைத்தான் பார்த்துக்கொண்டு வந்தார்கள்.

கதை சொன்னவரிடம் எனக்குக் குறை உண்டு. ஒரு மணி நேரத்தில் முக்கால்வாசி அவர் சொன்னதெல்லாம் சித்திரவதைகள். மூன்று தலை நாய் கெர்பெரோஸ், பாறையை மலைமேல் உருட்டும் சிசிபோஸ், கழுத்தளவு நீரில் நின்றும் குடிக்க முடியாத தந்தாலோஸ், கல்லீரலைக் கழுகு கொத்தும் தித்யோஸ். ஒவ்வொன்றுக்கும் குரலை ஏற்றி இறக்கினார். பிள்ளைகள் ரசித்தார்கள். ஆனால் இதைக் கேட்டு இறங்குகிறவர்கள் கிரேக்கர்களின் கீழுலகம் ஒரு தண்டனைக்கூடம் என்று நினைத்துவிடுவார்கள். கிரேக்கர்களின் ஆதிகவி ஹோமர் காட்டுவது அப்படி இல்லை. அந்த மூவரும் தெய்வங்களோடு நேரடியாக மோதியவர்கள், விரல் விட்டு எண்ணக்கூடியவர்கள். மற்ற எல்லோரும், நல்லவர் கெட்டவர் வித்தியாசம் இல்லாமல், அஸ்ஃபோதெல் பூக்கும் வெளியில் நிழலாக அலைகிறார்கள். அடி இல்லை, நெருப்பு இல்லை. எலும்பும் சதையும் இல்லை, பலம் இல்லை, குரல்கூட வௌவால் கீச்சிடுவது போல ஆகிவிடுகிறது. அங்கே மாவீரன் அகிலெஸ் சொல்கிறான்: செத்தவர்களுக்கெல்லாம் ராஜாவாக இருப்பதைவிட, உயிரோடு ஒரு ஏழைக் குடியானவனிடம் கூலி வேலை செய்வேன் என்று. அடிபடுகிறவன் பேச்சு மாதிரி இது இல்லை. வாழ்ந்த வாழ்க்கையில் ஒரு வாய் ருசிகூட மிச்சமில்லாதவன் பேச்சு.

என் வேலையில் நான் பார்ப்பதற்கு இது மிக நெருக்கமாக இருக்கிறது. கடைசி நாட்களில் பலருக்கு வலியை மருந்தால் அடக்கிவிடுகிறோம். பலம் போவதை, குரல் தேய்வதை, வாய் காய்வதை முழுதாக அடக்க முடிவதில்லை. அதைப் பார்த்துப் பார்த்துத்தான் அந்தப் பழைய மனிதர்கள் இறந்தவர்களுக்கு என்ன குறையும் என்று யோசித்திருக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது.

படகில் சிறந்த நேரம், திரும்பும் வளைவில் இயந்திரத்தை இரண்டு நிமிடம் அணைத்தபோது. நாணல் உரசும் சத்தம் மட்டும் கேட்டது. கேட்டால் இன்னும் கொஞ்சம் அணைத்து வைப்பார்கள் என்று அடுத்த படகில் போனவர்கள் சொன்னார்கள். தயங்காமல் கேளுங்கள்.

அடுத்தது குன்று. அம்மூடியாவிலிருந்து காரில் சில நிமிடம் போனால் மெசோபொதாமோஸ் என்ற சிற்றூர். அதன் மேட்டில் இருப்பதுதான் நெக்ரோமாந்தியோன், அதாவது இறந்தவர்களிடம் குறி கேட்கும் இடம். மேலே பழைய புனித யோவான் தேவாலயம், அதற்குக் கீழே அகழ்ந்தெடுத்த சுவர்கள். பிற்பகலிலேயே மூடிவிடுகிறார்கள், அதனால் காலையில் போய்விடுங்கள். நிழல் குறைவு, தண்ணீர் கையில் இருக்கட்டும்.

மேட்டிலிருந்து பார்த்தால் கீழே பரந்த வயல்வெளி, பெரும்பாலும் சோளம். அந்த வயல் இருக்கும் இடத்தில்தான் அகெரூசியா ஏரி இருந்தது. சதுப்பும் நாணலும் பனிமூட்டமுமாகக் கிடந்த நீர்நிலையை 20-ஆம் நூற்றாண்டில் வடித்து நிலமாக்கிவிட்டார்கள். இந்தக் குன்றின் பக்கத்தில்தான் அகெரோனோடு கோகிதோஸ் சேர்கிறது. கோகிதோஸ் என்றால் ஒப்பாரி. பிரிஃபிளெகெதோன் என்ற நெருப்பாறும் இங்கேதான் சேர்ந்தது என்கிறார்கள். ஹோமரின் ஒடிசி காவியத்தில் கீழுலகத்துக்கு வழி சொல்லும்போது வரும் பெயர்கள் இவை. ஹோமர் இந்தப் பக்கத்தைப் பார்த்துவிட்டுத்தான் தன் ஆறுகளுக்கு இந்தப் பெயர்களை வைத்திருக்கிறார் என்று பழைய கிரேக்கப் பயண எழுத்தாளர் பௌசானியாஸ் எழுதினார். மூன்று ஆறு கலக்கும் சதுப்பு, பின்னால் மலை இடுக்கு. அந்த ஏரியை மனதில் நிரப்பிப் பார்த்துக்கொண்டு அங்கே ஒரு பத்து நிமிடம் நில்லுங்கள்.

சுவர்கள் பலகோணக் கற்களை ஒன்றோடொன்று பொருத்திக் கட்டியவை, நடுக் கட்டடத்தில் 3 மீட்டருக்கு மேல் தடிமன். வளைந்து வளைந்து போகும் குறுகிய நடைவழி. அங்கங்கே ஆள் உயரத் தாழிகள். நடு அறையின் அடியில் ஒரு நிலவறை. இரும்புப் படி வழியாக இறங்க வேண்டும். படி ஒடுங்கியது, செங்குத்தானது. முழங்கால் சரியில்லாதவர்கள் ஏணி இறங்குவது போலத் திரும்பி நின்று இறங்குங்கள். அத்தை அப்படித்தான் இறங்கினார்கள், கீழே என் கணவர் நின்றுகொண்டார். உள்ளே குளிர்ச்சி, மங்கலான விளக்கு, ஈரக் கல் வாசனை. கூரையைத் தாங்கும் கல் வளைவுகளை மகள் எண்ணினாள், 15. அங்கே பேசினால் குரல் திரும்பி வருவதில்லை, வாயை விட்டு வெளியே வந்ததும் நின்றுவிடுகிறது. நாலு பேரும் தானாகவே கிசுகிசுக்க ஆரம்பித்தோம்.

இதைத் தோண்டியவர் சோதிரியோஸ் தகாரிஸ். 1958-ல் தொடங்கி 1964 வரையும், பிறகு 1976, 77-லும் வேலை நடந்தது. அவர் இதை ஹோமர் சொன்ன இறந்தவர் வாக்குத் தலம் என்றே உறுதியாக நம்பினார். குறி கேட்க வந்தவர்களை இருட்டறைகளில் நாள்கணக்கில் வைத்து, அவரைக் கொட்டையும் வேறு சில உணவுகளும் கொடுத்து மனதை மயங்கவைத்தார்கள், பிறகு பூசாரிகள் பொறி வைத்து உருவங்களை இறக்கிக் காட்டினார்கள் என்று விளக்கினார். கிடைத்த வெண்கலப் பல்சக்கரங்களை அந்தப் பொறியின் பாகம் என்றார். எங்கள் படகில் இந்தக் கதையைத்தான் தீர்ந்த முடிவாகச் சொன்னார்கள்.

ஆனால் 1979-ல் டீட்வுல்ஃப் பாட்ஸ் என்ற ஜெர்மானிய அறிஞர் அந்தச் சக்கரங்களைக் கல்லும் அம்பும் எறியும் போர்ப்பொறிகளின் பாகங்கள் என்று அடையாளம் காட்டினார். அப்புறம் தாழிகளையும் உழவுக் கருவிகளையும் தடித்த சுவரையும் சேர்த்துப் பார்த்தவர்கள், இது கோட்டை மாதிரி கட்டிய ஒரு பண்ணை வீடு, நிலவறை சேமிப்புக் கிடங்கோ நீர்த்தொட்டியோதான் என்றார்கள். எனக்கு இந்த வாதம்தான் சரியாகப் படுகிறது. இன்னொன்றும் இருக்கிறது. இந்தக் கட்டடம் கி.மு. 4-ஆம் நூற்றாண்டின் கடைசியிலும் 3-ஆம் நூற்றாண்டிலும் எழுந்தது, கி.மு. 167-ல் ரோமானியர் எப்பைரஸ் என்ற இந்தப் பகுதியை அழித்தபோது எரிந்தது. அகெரோன் கரையில் இறந்தவர்களிடம் குறி கேட்கும் இடம் ஒன்று இருந்ததாக எழுதிய வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் கி.மு. 5-ஆம் நூற்றாண்டுக்காரர். அவர் சொன்ன இடம் எதுவோ, இந்தச் சுவர்கள் அது இல்லை. குன்றில் கீழுலக ராணி பெர்செபோனியின் பழைய சுடுமண் உருவங்கள் கிடைத்திருப்பதால், இந்த மேட்டை அதற்கு முன்பே மக்கள் கும்பிட்டிருக்கலாம்.

பண்ணை வீடு என்று தெரிந்தால் ஏமாற்றமாக இருக்குமே என்று என் கணவர் கேட்டார். எனக்கு இல்லை. நான் தேடி வந்தது ஹெரோடோட்டஸ் சொல்லும் கதையை. அதை அந்த நிலவறையிலேயே, 15 வளைவுக்குக் கீழே, அத்தைக்கும் மகளுக்கும் சொன்னேன்.

கொரிந்து நகரத்தை ஆண்டவன் பெரியாந்தர். அவன் மனைவி மெலிஸ்ஸா, அவன் கையாலேயே இறந்தவள். நண்பன் ஒருவன் கொடுத்து வைத்த பொருள் எங்கே இருக்கிறது என்று தெரியாமல் போனது. அது அவளுக்குத் தெரியும். எனவே அகெரோனுக்கு ஆள் அனுப்பி, இறந்தவளிடம் கேட்கச் சொன்னான். அவள் வந்தாள், ஆனால் சொல்ல மாட்டேன் என்றாள். "எனக்குக் குளிர்கிறது. உடுத்திக்கொள்ள ஒன்றும் இல்லை. என்னோடு புதைத்த துணிகளை எரிக்கவில்லை, அதனால் அவை எனக்குப் பயன்படவில்லை" என்றாள். வந்தது அவள்தான் என்பதற்கு அவர்கள் இருவருக்கு மட்டும் தெரிந்த ஒரு அடையாளமும் சொல்லி அனுப்பினாள். குளிர்ந்த அடுப்பில் ரொட்டி வைத்தாய் என்று. அதன் பொருள் கொடூரமானது. உயிர் போன உடம்பையும் அவன் விடவில்லை. இந்தப் பகுதியை நான் அத்தையிடமும் மகளிடமும் சொல்லவில்லை. பெரியாந்தர் என்ன செய்தான் என்றால், கொரிந்துப் பெண்கள் எல்லோரையும் ஹேரா கோயிலுக்கு வரச் சொன்னான். திருவிழா என்று நினைத்து நல்ல உடுப்பு உடுத்தி வந்தார்கள். எஜமானி, வேலைக்காரி என்று பார்க்காமல் எல்லோருடைய துணியையும் உருவி, குழியில் போட்டு, மெலிஸ்ஸாவை வேண்டி எரித்தான். மறுபடி ஆள் அனுப்பியபோது அவள் பொருள் இருக்கும் இடத்தைச் சொன்னாள்.

செத்துப்போனவள் வந்து பழி கேட்கவில்லை, சாபம் இடவில்லை. குளிர்கிறது என்கிறாள். வார்டில் விடியற்காலை மூன்று மணிக்கு எத்தனை பேர் இதே சொல்லை என்னிடம் சொல்லியிருக்கிறார்கள். கம்பளியை ஓவனில் சூடாக்கி எடுத்து வந்து போர்த்துவோம், கால் விரல் வரை.

நிலவறையில் நின்றபோது எனக்கு நினைவுக்கு வந்த இன்னொன்று, ஒடிசியின் நாயகன் ஒடிஸியஸின் அம்மா. இறந்தவர்களிடம் குறி கேட்க அவன் கீழுலகத்தின் ஓரத்துக்குப் போகிறான். அவன் ஒரு முழக் குழி தோண்டி, பாலும் தேனும் கலந்ததை ஊற்றி, பிறகு திராட்சை மது, பிறகு தண்ணீர், மேலே வெள்ளை வாற்கோதுமை மாவு தூவி, ஆட்டின் ரத்தத்தை விடுகிறான். ரத்தம் குடித்தால்தான் இறந்தவர்களுக்கு நினைவு வரும், பேச்சு வரும். கூட்டமாக வருகிறார்கள். அதில் அவன் அம்மா அந்திக்லெயா. ஊரைவிட்டுக் கிளம்பியபோது உயிரோடு இருந்தவள், இறந்ததே அவனுக்குத் தெரியாது. அழுகிறான். ஆனாலும் குறி சொல்லும் தெய்ரேசியாஸ் முதலில் குடிக்க வேண்டும் என்பதால், வாளை நீட்டி அம்மாவைத் தள்ளி உட்கார வைக்கிறான். தாகத்தோடு, மகனை யாரென்று தெரியாமல், அவள் சும்மா உட்கார்ந்திருக்கிறாள். அவள் முறை வந்து, குடித்து, அடையாளம் கண்டு, உன்னை நினைத்து ஏங்கித்தான் செத்தேன் என்று சொன்னபின் மூன்று தடவை கட்டிப்பிடிக்கப் போகிறான். மூன்று தடவையும் நிழல் போல நழுவிவிடுகிறாள். தூர ஊரிலிருந்து விமானம் பிடித்து வந்து ஒரு மணி நேரம் தாமதமாகிப்போன மகன்களை வார்டின் கதவில் பார்த்திருக்கிறேன். அவர்கள் கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் நிற்பார்கள்.

குன்றுக்கு என் மதிப்பெண் ஐந்துக்கு நாலரை. பெர்செபோனி உருவங்களையும் அந்தச் சர்ச்சைக்குரிய வெண்கலச் சக்கரங்களையும் பார்க்க வேண்டுமென்றால் யோவானினா தொல்லியல் அருங்காட்சியகத்துக்குப் போகவேண்டும்.

மூன்றாவது நாள் கிளிக்கி. அகெரோனின் ஊற்றுகள் இருக்கும் இடம். அங்கே ஆறு மலை இடுக்கிலிருந்து வெளியே வருகிறது. பிளேன் மர நிழல், வழவழப்பான வெள்ளைக் கூழாங்கல், அடிவரை தெரியும் நீலப்பச்சை நீர். ஆற்றுக்குள்ளேயே நடந்து இடுக்குக்குள் போகலாம். முதலில் கணுக்கால், பிறகு முழங்கால், பிறகு இடுப்பு, அப்புறம் நீந்தத்தான் வேண்டும். இரண்டு பக்கமும் பாறை நெருங்கி வரும் அந்த இடத்தைக் கீழுலக ராஜா ஹேடீஸின் வாசல் என்று அழைக்கிறார்கள். செப்டம்பரிலும் தண்ணீர் எலும்பில் இறங்கும் குளிர். நீரில் போடும் ரப்பர் செருப்பு கட்டாயம் வேண்டும், கரையிலேயே விற்கிறார்கள். மகளும் கணவரும் நீந்தும் இடம் வரை போனார்கள். நான் முழங்கால் அளவில் நின்றுவிட்டேன். அத்தை கரையில் ஒரு வேரில் உட்கார்ந்து காலை நனைத்துக்கொண்டிருந்தார்கள்.

பாறையின் அடியிலிருந்து ஊற்று நேராகக் கொப்பளித்து வருவதைப் பார்த்தபோது எனக்குத் தோழி சொன்ன தாகத்தின் விவரம் முழுதாகப் புரிந்தது. தெற்கு இத்தாலி, தெஸ்ஸலி, கிரீட் பக்கக் கல்லறைகளில் மெல்லிய தங்கத் தகடுகள் கிடைத்திருக்கின்றன. இறந்தவருக்கு வழி சொல்லும் வரிகள் அவற்றில் பொறித்திருக்கும். இத்தாலியில் ஹிப்போனியோன் என்ற இடத்தில் ஒரு பெண்ணின் கல்லறையில் கிடைத்தது கி.மு. 400 வாக்கில் எழுதியது. ஹேடீஸின் வீட்டில் ஒரு வெள்ளை சைப்ரஸ் மரம், அதன் பக்கத்தில் ஒரு ஊற்று, அதன் கிட்டே போகாதே என்கிறது. கொஞ்சம் தள்ளி நினைவின் ஏரியிலிருந்து குளிர்ந்த நீர் வரும், அங்கே காவலர்கள் நிற்பார்கள். அவர்களிடம் சொல்ல வேண்டியது: நான் மண்ணின் பிள்ளை, விண்மீன் வானத்தின் பிள்ளை, தாகத்தில் வறண்டு அழிகிறேன், நினைவின் ஏரியிலிருந்து குளிர்ந்த நீரைச் சீக்கிரம் கொடுங்கள்.

உள்ளங்கையில் அடங்கும் தகடு. தாகத்தோடு போகிறவளுக்கு, எந்தத் தண்ணீரைக் குடிக்கவேண்டும், எதைக் குடிக்கக்கூடாது என்று யாரோ உட்கார்ந்து எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். மறதியில் கரைந்து போய்விடாமல், தான் யார் என்று தெரிந்தே அவள் போய்ச்சேர வேண்டும் என்ற அக்கறை அது. கிளிக்கிக்கு ஐந்துக்கு ஐந்து. ராஃப்டிங், குதிரைச் சவாரி எல்லாம் கூவிக் கூப்பிடுகிறார்கள், அவற்றில் நாங்கள் போகவில்லை.

சாப்பாடு பற்றி அதிகம் இல்லை. ஆற்றங்கரை உணவகங்களில் பொரித்த மீனும் தக்காளியில் வேகவைத்த பெரிய வெள்ளை மொச்சையும் நன்றாக இருந்தன. அத்தை மொச்சையில் எலுமிச்சை பிழிந்து ரொட்டியோடு சாப்பிட்டார்கள்.

ஒரு சாப்பாட்டை மட்டும் சொல்லவேண்டும், அது கடையில் வாங்கியது இல்லை. திரும்பும் வழியில் யோவானினாவில் தோழியின் அம்மாவைப் பார்க்கப் போனோம். அன்று அவர்கள் குடும்பத்தில் ஒருவருக்கு 40-ஆம் நாள். கோலிவா செய்திருந்தார்கள். வேகவைத்த கோதுமையில் மாதுளை முத்து, பாதாம், திராட்சை கலந்து, மேலே சர்க்கரை பரப்பி, தேவாலயத்தில் வைத்து எடுத்து வந்து எல்லோருக்கும் ஒரு கை கொடுப்பது. பழைய ஏதென்ஸில் அந்தெஸ்தேரியா திருவிழாவின் மூன்றாம் நாளும் இறந்தவர்களை நினைத்து, அவர்களை அழைத்துப்போகும் ஹெர்மெஸுக்குப் பல தானியம் வேகவைத்துப் பானையில் படைத்தார்கள். மாதுளையைப் பார்த்ததும் ஹேடீஸ் கொடுத்த முத்தைத் தின்று வருடத்தில் ஒரு பகுதி கீழேயே தங்கவேண்டி வந்த பெர்செபோனி நினைவுக்கு வந்தாள். தோழியின் அம்மா அத்தையின் கையைக் குவித்து வைத்து அதில் கோலிவாவைக் கொட்டினார். இருவருக்கும் பொதுவாக ஒரு மொழி இல்லை. "யாரு போனது?" என்று அத்தை என்னிடம் கேட்டார்கள். அவர்களுடைய அண்ணன் என்றேன். அத்தை ஒரு முத்தும் சிந்தாமல் சாப்பிட்டு முடித்தார்கள்.

போகிறவர்களுக்கு என் யோசனை: காலையில் குன்று, மதிய வெயிலில் கிளிக்கி, மாலையில் அம்மூடியா படகு. நாங்கள் வேறு வரிசையில் போனோம், இந்த வரிசை நன்றாக இருந்திருக்கும். குன்று, படகு இரண்டும் வயதானவர்களுக்கு முடியும், நிலவறைப் படியில் மட்டும் கீழே ஒருவர் நிற்கட்டும். படகில் ஏறுமுன் மெலிஸ்ஸாவின் கதையைத் தெரிந்துகொண்டு ஏறுங்கள், மைக்கில் அது வராது.

கடைசி மாலை ஆற்று முகத்துவாரத்தில் உட்கார்ந்திருந்தோம். சூரியன் விரிகுடாவுக்கு நேர் எதிரே இறங்கியது. காற்று எழும்பியதும் அத்தைக்கு என் சால்வையைப் போர்த்தினேன். அதை இழுத்துக் கழுத்தைச் சுற்றிக்கொண்டே கேட்டார்கள்:

"அந்தப் பிள்ளைக்கு அப்புறமாவது குளிரு விட்டுச்சா?"

யாரைக் கேட்கிறார்கள் என்று புரிய ஒரு நிமிடம் ஆனது.

"ரெண்டாந் தடவை கேட்டப்ப பதில் சொல்லியிருக்காளே அத்தை," என்றேன். "விட்டிருக்கும்."